குன்றக்குடி தனம், சோம்நாத் தாரா... ஒரே மளிகைக் கடைக்கு இரண்டு அண்ணிகள்!

குஜராத் மாநிலம் சோம்நாத்தில் ஒரு மளிகைக் கடை. நடத்துவது நான்கு அண்ணன் தம்பிகள். அப்பா உயிரோடு இல்லை. மூத்தவர் கௌதம், அவர் மனைவி தாரா. தம்பிகளுக்கு அண்ணியும் அவர்தான், கிட்டத்தட்ட அம்மாவும் அவர்தான். கடையின் பெயர் 'பாண்ட்யா ஸ்டோர்'.

2021 ஜனவரி 25-ம் தேதி ஸ்டார் ப்ளஸ் சேனலில் இந்த இந்தி சீரியல் தொடங்கியபோது, வட இந்திய ரசிகர்களுக்கு இது இன்னொரு குஜராத்திக் கூட்டுக் குடும்பக் கதை. ஆனால், விஜய் டிவி பார்க்கும் வீடுகளில் பெயரைக் கேட்டதுமே விஷயம் புரிந்திருக்கும். 'அட, இது நம்ம பாண்டியன் ஸ்டோர்ஸ் ஆச்சே!'

ஆமாம், அதேதான். இங்கே மூர்த்தி, அங்கே கௌதம். இங்கே தனம், அங்கே தாரா. ஜீவா தேவ் ஆனார், மீனா ரிஷிதா ஆனார். கதிரும் முல்லையும் ஷிவாவும் ராவியும் ஆனார்கள். கடைக்குட்டி கண்ணன், க்ரிஷ் ஆனார். குன்றக்குடிக் கடை மூட்டை முடிச்சோடு அரபிக் கடலோரம் குடிபோய்விட்டது.

பெயரிலேயே ஒரு சுவாரஸ்யம் இருக்கிறது. தமிழில் 'பாண்டியன்' என்பது இறந்துபோன அப்பாவின் பெயர். குஜராத்திலோ 'பாண்ட்யா' என்பது குடும்பப் பெயர். கிரிக்கெட் வீரர் ஹர்திக் பாண்ட்யாவை நினைத்துக்கொண்டால் போதும். ஒரே ஓர் எழுத்தைத் தட்டி, மதுரை ராஜா பெயரை குஜராத்தி வீட்டுப் பெயராக்கிவிட்டார்கள்! சௌராஷ்டிர மண்ணிலிருந்து வந்தவர்களின் வழிவந்தவர்கள் எனத் தங்களைச் சொல்லிக்கொள்ளும் பெரிய சமூகம் மதுரையிலும் பரமக்குடியிலும் சேலத்திலும் இருக்கிறது. இந்த உறவை வைத்துத்தான் 2023 ஏப்ரலில் சோம்நாத்தில் 'சௌராஷ்டிரா தமிழ் சங்கமம்' நடந்தது. சீரியல்காரர்கள் அதையெல்லாம் யோசித்து சோம்நாத்தைத் தேர்ந்தெடுத்திருக்க வாய்ப்பு குறைவுதான். ஆனாலும் கடை சரியான ஊருக்குத்தான் போயிருக்கிறது.

எல்லாம் தொடங்கியது துளசி வீட்டில்!

இந்தி சீரியல் என்றாலே ஏன் ஒரு குஜராத்தி வீடு வருகிறது? இதற்கு 25 ஆண்டுகள் பின்னால் போக வேண்டும்.

2000 ஜூலை 3. அமிதாப் பச்சனின் 'கோன் பனேகா க்ரோர்பதி' தொடங்கிய அதே நாளில், அதே ஸ்டார் ப்ளஸில், இரவு 10.30 மணிக்கு 'க்யூங்கி சாஸ் பி கபி பஹு தி' தொடங்கியது. தலைப்பின் பொருள், 'மாமியாரும் ஒரு காலத்தில் மருமகள்தானே' என்பது. ஏக்தா கபூரின் பாலாஜி டெலிஃபிலிம்ஸ் தயாரிப்பு. வீரானி என்கிற பணக்கார குஜராத்திக் குடும்பம். அதற்கு மருமகளாக வரும் எளிய வீட்டுப் பெண் துளசி. துளசியாக நடித்த ஸ்மிருதி இரானி பிற்பாடு மத்திய அமைச்சரே ஆனார்.

2008 நவம்பர் 6 வரை 1,833 எபிசோடுகள். நடுவே துளசியின் கணவர் மிஹிர் இறந்துபோவதாகக் காட்ட, ரசிகர்கள் கொந்தளித்துவிட்டார்கள். செத்தவரைத் திரும்பக் கொண்டுவர வேண்டியதாயிற்று. பெற்ற மகன் அன்ஷையே துளசி சுட்டுக் கொன்ற எபிசோடை இன்றும் பேசுகிறார்கள். இலங்கையில் சிங்களத்தில் பேசினார் துளசி, ஆப்கானிஸ்தானில் தாரியில் பேசினார். காபூலில் மத அறிஞர்கள் இந்திய சீரியல்களுக்கு எதிர்ப்புக் கிளப்புகிற அளவுக்கு அங்கே ஹிட்.

அதன் பிறகு குஜராத்தி வீடு ஓர் அச்சாகவே மாறிவிட்டது. 2005-ல் 'பா பஹூ ஔர் பேபி', 2010-ல் 'சாத் நிபானா சாத்தியா', 2020-ல் 'அனுபமா'. இதில் 'சாத் நிபானா சாத்தியா'வை சீரியல் பார்க்காதவர்களுக்கும் தெரியும். லேப்டாப்பை சோப்பு போட்டுக் கழுவிய மருமகள் கோபியின் வீடு அதுதான். குக்கரில் இருந்த கொண்டைக்கடலையை யார் எடுத்தது என்று மாமியார் கோகிலா மிரட்டும் காட்சியைப் பாட்டாக மாற்றி, 2020 லாக்டெளனில் மொத்த இந்தியாவும் செல்போனில் ஓடவிட்டதே... அதே மாமியார்தான்.

ஏன் குஜராத்திகள்? மும்பையில் குஜராத்தி நாடக மேடை பலமானது. எழுத்தாளர்கள், நடிகர்கள் பலர் அங்கிருந்து வந்தவர்கள். துளசியின் மாமியாராக வந்த அபரா மேத்தாவும் மேடைக் கலைஞர்தான். இன்னொரு காரணம், வியாபாரம். அப்பா, பிள்ளைகள், பேரன்கள் எல்லோரும் ஒரே தொழிலில் இருந்தால், ஏன் இத்தனை பேர் ஒரே வீட்டில் இருக்கிறார்கள் என்கிற கேள்வியே எழாது. வருமான வரிச் சட்டமே இந்துக் கூட்டுக் குடும்பத்தைத் தனி ஆள் போலக் கருதி, அதற்கென்று ஒரு பான் எண் கொடுக்கிறது. வீடும் தொழிலும் ஒரே கணக்கு. இதைவிட வசதியான கதைக்களம் சீரியலுக்குக் கிடைக்குமா?

தயாரிப்பாளர் பக்கமிருந்து பார்த்தால் இன்னும் வசதி. ஒரே வீடு என்றால் ஒரே செட். ஒரு கூடம், ஒரு சமையலறை, ஒரு மாடிப்படி. பத்துப் பன்னிரண்டு பேர் அதே கூடத்தில் நின்று அதிர்ச்சியாகலாம். ஒருவர் விலகினாலும் கதை நிற்காது. அண்ணன் தம்பிகள் தனிக்குடித்தனம் போனால் பாசம் குறைகிறதோ இல்லையோ, படப்பிடிப்புச் செலவு நிச்சயம் கூடும்!

டப்பிங் போய் ரீமேக் வந்தது

இந்தி வீடுகள் நம் கூடத்துக்கு முதலில் வந்தது டப்பிங் வழியாக. 'பாலிகா வது' ராஜ் டிவியில் 'மண் வாசனை' ஆனது. 'உத்தரன்', 'சிந்து பைரவி' ஆனது. விஜய் டிவியில் 'என் கணவன் என் தோழன்', பாலிமரில் 'உள்ளம் கொள்ளை போகுதடா'. உதடு ஒரு பக்கம், வசனம் ஒரு பக்கம் போனாலும் வீட்டில் பாட்டி முதல் பேத்தி வரை பார்த்தார்கள். தங்கள் வேலை போகிறது என்று சின்னத்திரைக் கலைஞர்கள் போராடவும் செய்தார்கள்.

பிறகு சேனல்கள் வேறு வழி கண்டுபிடித்தன. முகத்தை இறக்குமதி செய்ய வேண்டாம், கதையை மட்டும் செய்யலாம். ஒரே நிறுவனத்தின் கீழ் பல மொழிச் சேனல்கள் இருந்ததால் இது சுலபமாக நடந்தது. விஜய் டிவியும் ஸ்டார் ப்ளஸும் ஒரே குடும்பம். தெலுங்கில் ஸ்டார் மா, கன்னடத்தில் ஸ்டார் சுவர்ணா, மலையாளத்தில் ஏஷியாநெட், வங்காளத்தில் ஸ்டார் ஜல்சா, மராத்தியில் ஸ்டார் பிரவாஹ் எல்லாம் அண்ணன் தம்பிகள்தான். சேனல்களும் ஒரு கூட்டுக் குடும்பம்!

2018 அக்டோபர் 1-ல் தொடங்கிய 'பாண்டியன் ஸ்டோர்ஸ்' இந்த எல்லா வீட்டுக்கும் போனது. தெலுங்கில் 'வதினம்மா', கன்னடத்தில் 'வரலட்சுமி ஸ்டோர்ஸ்', மலையாளத்தில் 'சாந்த்வனம்', மராத்தியில் 'சஹகுடும்ப் சஹபரிவார்', வங்காளத்தில் 'பாக்யலட்சுமி', கடைசியாக இந்தியில் 'பாண்ட்யா ஸ்டோர்'. வடக்கிலிருந்து வாங்கியே பழகிய தமிழ் சின்னத்திரை, ஆறு மொழிகளுக்குக் கொடுத்த கதை இது. அதற்கும் ஒரு மூத்த அண்ணன் உண்டு. 2001-ல் வந்த லிங்குசாமியின் முதல் படம் 'ஆனந்தம்'. மம்மூட்டி, முரளி என அண்ணன் தம்பிகள் சேர்ந்து மளிகைக் கடை நடத்தும் கதை. சீரியலில் அந்தச் சாயல் தெரிகிறது என்று அப்போதே பலர் சொன்னார்கள்.

இதில் வேடிக்கை கேரளாவில்தான். கூட்டுக் குடும்ப முறையையே சட்டம் போட்டு ஒழித்த மாநிலம் அது. 1975-ல் சட்டசபை அந்தச் சட்டத்தை நிறைவேற்றி, அடுத்த ஆண்டு நடைமுறைக்கும் கொண்டுவந்தது. அந்த ஊரில் 'சாந்த்வனம்' அண்ணன் தம்பிகளுக்குக் கிடைத்த வரவேற்பைப் பார்க்க வேண்டுமே!

செஞ்சிக்காரர்களுக்கு இது புதிதல்ல

மொழி தாண்டி வந்த கதை சொந்தக் கதையாக மாறுவதைப் பார்க்க செஞ்சிக்குப் போகலாம். அங்கே கோட்டையைப் பற்றிக் கேட்டால், தேசிங்கு ராஜாவின் பெயர் வராமல் இருக்காது. அவருடைய அசல் பெயர் தேஜ் சிங். புந்தேலா ராஜபுத்திரர், அதாவது அசல் வடக்கத்தி ஆள். ஆற்காடு நவாப்பின் படையோடு மோதி 1714-ல் உயிரைவிட்டார். அவருடைய கதை தெருக்கூத்தாகவும் கதைப்பாட்டாகவும் ஊர் ஊராகப் போனது. தேஜ் சிங் 'தேசிங்கு' ஆனார். இன்று அவரை வெளியூர்க்காரர் என்று சொன்னால் செஞ்சிப் பக்கம் கோபித்துக்கொள்வார்கள். பாண்டியன் 'பாண்ட்யா' ஆனது அதே பாதையில் எதிர்த்திசைப் பயணம்.

அந்தச் செஞ்சி வட்டாரத்தில்தான் பனமலை இருக்கிறது. குன்றின் மேல் ராஜசிம்ம பல்லவன் கட்டிய தாளகிரீஸ்வரர் கோயில். வயது சுமார் 1,300. உள்ளே சுவரில் மகுடத்தோடு ஒரு காலை மடித்துச் சாய்ந்து நின்று, சிவனின் ஆட்டத்தைப் பார்க்கும் பார்வதியின் ஓவியம். பல்லவர் ஓவியத்தில் தப்பிப் பிழைத்த அபூர்வங்களில் ஒன்று என்பதால் வெளியூரிலிருந்து தேடி வருகிறார்கள்.

குன்றுக்குக் கீழே இருக்கும் ஊர், தமிழ்நாட்டின் எந்தக் கிராமத்தையும் போலத்தான். இந்த மாதிரி ஊர்களுக்கு டிவி பரவலாக வந்தது 2006-க்குப் பிறகு. அரசு கொடுத்த இலவச கலர் டிவிகள் ஒன்றரைக் கோடிக்கும் மேல். அதற்கு முன்பு பக்கத்து வீட்டு ஜன்னலில் எட்டிப் பார்த்தவர்கள், பிறகு சொந்தக் கூடத்தில் உட்கார்ந்தார்கள். இப்போது கூடமும் தேவையில்லை. களையெடுத்துவிட்டு வந்து கால் நீட்டும் நேரத்தில், நேற்று விட்ட எபிசோடை செல்போனில் பார்த்துக்கொள்ளலாம்.

பார்ப்பது கூட்டுக் குடும்பக் கதை. பார்க்கும் வீடு?

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பை எடுத்துக்கொள்ளுங்கள். தமிழ்நாட்டில் 7.21 கோடிப் பேர், சுமார் 1.85 கோடிக் குடும்பங்கள். வகுத்தால் வீட்டுக்கு நாலு பேர்கூட வரவில்லை. குஜராத்தில் 6.04 கோடிப் பேருக்கு 1.22 கோடிக் குடும்பங்கள், வீட்டுக்கு ஏறக்குறைய 5 பேர். துளசி வீட்டு டைனிங் டேபிளில் உட்காருகிற கூட்டம் குஜராத்திலும் அதிகம் இல்லை என்று அர்த்தம்.

கிராமத்தில் அண்ணன் தம்பிகள் பக்கத்துப் பக்கத்து வீட்டில் இருப்பார்கள். கிணறு பொது, வாசல் பொது, சில இடங்களில் சுவரும் பொது. அடுப்பு மட்டும் தனி. அரசாங்கக் கணக்கும் அடுப்பை வைத்துத்தான். தனி ரேஷன் கார்டு வேண்டுமென்றால் தனிச் சமையல் நடக்க வேண்டும். 2023 செப்டம்பர் 15 முதல் தரப்படும் மாதம் 1,000 ரூபாய் மகளிர் உரிமைத் தொகை, ஒரு குடும்ப அட்டைக்கு ஒரு பெண்ணுக்குத்தான். யோசித்துப் பாருங்கள். ஒரே அட்டையில் இருந்தால் தனம், மீனா, முல்லை மூன்று பேருக்கும் சேர்த்து ஓர் ஆயிரம். அடுப்பைப் பிரித்தால், மற்றத் தகுதிகளும் இருந்தால், மூன்று பேருக்கும் ஆளுக்கு ஆயிரம். இந்தக் கணக்கு ஊரில் எல்லா மருமகள்களுக்கும் தெரியும். சீரியலில் இதைப் பேச மாட்டார்கள்.

அண்ணி கொடுத்த விலை

'பாண்டியன் ஸ்டோர்ஸ்' ஹிட்டானதற்கு பலரும் சொல்லும் காரணம், அதில் பெரிய வில்லி இல்லை என்பது. விஷ பாட்டில் இல்லை, ஆள் கடத்தல் இல்லை. கல்லாப்பெட்டி, அரிசி மூட்டை, அண்ணன் சாப்பிட்டாரா தம்பி சாப்பிட்டானா என்கிற கவலை. அதெல்லாம் சரி. ஆனால், கதையின் அஸ்திவாரத்தில் வேறு ஒன்று இருக்கிறது. அதைப் பற்றி இத்தனை வருஷமாகப் பெரிதாக யாரும் பேசவில்லை.

தனம் இந்த வீட்டுக்கு மருமகளாக வந்தபோது கொழுந்தன்கள் சின்னப் பையன்கள். தனக்கென்று ஒரு பிள்ளை வந்துவிட்டால் இவர்களைக் கவனிப்பது குறைந்துவிடுமோ என்று, குழந்தையே வேண்டாமென முடிவெடுக்கிறார் அவர். மூர்த்தியும் சம்மதிக்கிறார். இந்தியில் தாராவும் கௌதமும் இதையேதான் செய்கிறார்கள். ஊர் மாறியது, சேலைக் கட்டு மாறியது, பொங்கல் நவராத்திரி கர்பாவாக மாறியது. இந்த ஒன்று மட்டும் எங்கேயும் மாறவில்லை. இதை எடுத்துவிட்டால் கதையே இல்லை.

ஒரு வீடு உடையாமல் இருக்க யாரோ ஒருவர் எதையோ விட வேண்டும் என்றால், அது ஏன் எப்போதும் வெளியிலிருந்து வந்தவராகவே இருக்கிறார்? மூர்த்தியும் தியாகம் செய்தார், ஒப்புக்கொள்ளலாம். ஆனால், தெருவில் "விசேஷம் ஏதும் இல்லையா?" என்கிற கேள்வியை மூர்த்தியிடம் யார் கேட்பார்கள்? நம் வீடுகளிலும் வளைகாப்புக்குப் போனால் எந்த வரிசையில் நிற்பது என்று தயங்கும் பெண்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு தனம் வெறும் கேரக்டர் இல்லை.

சுஜிதா இந்த வேடத்தை அழுகையில் கரைக்காமல் செய்தது பெரிய விஷயம். பிற்பாடு தனத்துக்குக் குழந்தையும் பிறந்தது. குழந்தை பிறந்ததைவிட ரசிகர்களை உலுக்கியது அதற்குப் பின்னால் வந்த திருப்பம். 2023-ல் தனத்துக்கு மார்பகப் புற்றுநோய் என்று கதை போனது. அப்போதும் தனம் முதலில் செய்தது என்ன? வீட்டில் சொல்லாமல் மறைத்தது. ஓரகத்திகளுக்கு மட்டும்தான் தெரியும். மற்றவர்கள் மனசு உடைந்துவிடக் கூடாதாம்.

இது நெகிழ்ச்சியான காட்சி என்று பகிர்ந்தவர்கள் ஏராளம். கொஞ்சம் நிதானமாக யோசித்தால், பயமாக இருக்க வேண்டிய காட்சி. மார்பகப் புற்றுநோயை எவ்வளவு சீக்கிரம் கண்டுபிடித்து சிகிச்சை எடுக்கிறோமோ, பிழைக்கும் வாய்ப்பு அவ்வளவு அதிகம். கட்டியைத் தொட்டுப் பார்த்தும் வீட்டில் சொல்லத் தயங்கும் ஒரு அக்கா, ஒரு அம்மா இதைப் பார்த்து, 'தனமும் இப்படித்தானே தாங்கிக்கொண்டாள்' என்று நினைத்துவிட்டால்? அந்த வாரங்களில் கொஞ்சம் நேரத்தை 'உடனே போய் டாக்டரைப் பாருங்கள்' என்பதற்கு ஒதுக்கியிருக்கலாம்.

2024-ல் மத்திய அரசு எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு ஒன்று உண்டு. யார் எந்த வேலைக்கு எத்தனை நிமிடம் செலவிடுகிறார்கள் என்பதை அளப்பது. சம்பளமில்லாத வீட்டு வேலையில் ஈடுபடும் பெண்களுக்கு அதில் நாளொன்றுக்குச் சராசரியாக 289 நிமிடங்கள் போகின்றன. ஆண்களுக்கு 88. சீரியல் ஒரு எபிசோடு இருபது நிமிடம் என்று வைத்துக்கொண்டால், தினமும் பதினாலு எபிசோடு நேரம் ஒரு பெண் அடுப்படியிலும் துணி துவைக்கும் கல்லிலும் நிற்கிறார்.

பாக்கியா ஒரு வழி, அனுபமா ஒரு வழி

கதை ஊர் மாறும்போது எதுவுமே மாறுவதில்லை என்றும் சொல்ல முடியாது. அதற்கு இன்னொரு ஜோடியைப் பார்க்கலாம்.

2019-ல் வங்காளத்தில் 'ஸ்ரீமொயி' என்று ஒரு சீரியல். எழுதியவர் லீனா கங்கோபாத்யாய். வீட்டுக்காகவே உழைத்து உழைத்து, கணவனால் ஏமாற்றப்படும் நடுத்தர வயது அம்மா. அதே கதை 2020 ஜூலை 13-ல் ஸ்டார் ப்ளஸில் 'அனுபமா' ஆனது. வீடு அகமதாபாத், ஷா குடும்பம், ரூபாலி கங்குலி. சரியாக இரண்டு வாரம் கழித்து ஜூலை 27-ல் விஜய் டிவியில் 'பாக்கியலட்சுமி' ஆனது. சுசித்ரா நடித்தார். கோபியும் வன்ராஜும் ஒரே தவறை ஒரே வருஷத்தில் இரண்டு மொழிகளில் செய்தார்கள்.

ஆனால், விவாகரத்துக்குப் பிறகு பாதை பிரிகிறது. ஸ்ரீமொயிக்கு இரண்டாவது திருமணம் நடந்தது. அனுபமாவுக்கும் 2022-ல் அனுஜ் கபாடியாவோடு ஊர்கூடித் திருமணம். பேரன் பேத்தி எடுக்கிற வயசில் அம்மா மணமேடையில் உட்காருவதை வடக்கே நாள்கணக்கில் திருவிழாவாகக் காட்டினார்கள். பாக்கியாவுக்கு நல்ல நண்பராகப் பழனிச்சாமி வந்தார். ரசிகர்களில் ஒரு பாதி ஆசைப்பட்டது, இன்னொரு பாதி பதறியது. கல்யாணம் நடக்கவில்லை. மசாலா பிசினஸ், கேட்டரிங், ஹோட்டல் என்று தமிழ் பாக்கியாவுக்குக் கிடைத்தது தொழில். 2025 ஆகஸ்டில் சீரியலும் முடிந்தது.

தமிழ்ப் பெண்ணுக்குச் சுயசம்பாத்தியம் சரி, மறுமணம் வேண்டாம் என்று முடிவெடுத்தது யார்? பார்வையாளர்களா, டி.ஆர்.பி-யா? கொஞ்சம் தயங்கிவிட்டார்கள் என்றுதான் தோன்றுகிறது. பழனிச்சாமி பாவம்!

தயங்காத காலமும் தமிழில் இருந்தது. 1986-ல் விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்'. உடைந்த குடும்பத்தை ஒட்டவைக்கிற மூத்த மருமகள் உமா, கடைசியில் எல்லோரும் மறுபடி ஒரே வீட்டில் இருப்போம் என்னும்போது மறுத்துவிடுவார். தள்ளி இருப்போம், அவ்வப்போது கூடிச் சந்தோஷமாக இருப்போம் என்பது அவர் முடிவு. அந்தப் படம் தேசிய விருது வாங்கியது, பல மொழிகளுக்கும் போனது. இரண்டரை மணி நேர சினிமாவால் அப்படி முடிக்க முடிந்தது. ஆயிரம் எபிசோடு போக வேண்டிய சீரியலில் ஜீவாவும் மீனாவும் வெளியே போனால், திரும்ப வந்துதான் ஆக வேண்டும். இல்லையென்றால் திங்கட்கிழமை என்ன காட்டுவது?

சீரியல் பார்த்தால் கெட்டுப்போவார்களா?

மாமியார் மருமகள் சண்டையைப் பார்த்துப் பெண்கள் கெட்டுப்போகிறார்கள் என்பது பழைய புகார். இதை அளந்தே பார்த்த ஆய்வு ஒன்று இருக்கிறது. ராபர்ட் ஜென்சன், எமிலி ஆஸ்டர் என்ற இரண்டு பொருளாதார நிபுணர்கள் 2001 முதல் 2003 வரை தமிழ்நாடு, பீகார், ஹரியானா, கோவா, டெல்லி மக்களிடம் எடுத்த தகவல்களை ஆராய்ந்து 2009-ல் வெளியிட்டார்கள். துளசி உச்சத்தில் இருந்த காலம். இங்கே ராதிகாவின் 'சித்தி' முடிந்து 'மெட்டி ஒலி' தொடங்கிய காலம்.

கேபிள் டிவி புதிதாக வந்த கிராமங்களில், மனைவியை அடிப்பது சரி என்று சொல்லும் பெண்கள் குறைந்தார்கள். ஆண் பிள்ளைதான் வேண்டும் என்பது குறைந்தது. தானே முடிவெடுப்பதாகச் சொன்ன பெண்கள் கூடினார்கள். குழந்தை பெறுவதும் குறைந்தது. இது ஒரு சீரியலின் வேலை இல்லை, மொத்த கேபிளின் தாக்கம். இருந்தாலும், அந்த மாமியார் மருமகள் கதைகளில் பெண்கள் வெளியே போனார்கள், வேலை பார்த்தார்கள், ஆண்களை எதிர்த்துப் பேசினார்கள். கதை சொல்லவந்த நீதி ஒன்று, பார்த்தவர்கள் எடுத்துக்கொண்டது வேறு ஒன்று.

குடும்பத்துக்காகக் குழந்தை வேண்டாம் என்ற தனத்தைப் பார்த்தவர்களும் அப்படி எதையோ எடுத்துக்கொண்டிருப்பார்கள். எதை என்பதை அளக்க இன்னொரு ஆய்வு வேண்டும்.

முல்லை போன பிறகு...

'பாண்டியன் ஸ்டோர்ஸ்' பற்றிப் பேசினால் முல்லையைத் தாண்டிப் போக முடியாது. ஜீவாவுக்குப் பேசிய பெண் கதிருக்கு மனைவியாகி, சண்டையில் தொடங்கிக் காதலில் முடிந்த அந்த ஜோடிக்கு இருந்த ரசிகர் கூட்டம் தனி. 2020 டிசம்பர் 9-ம் தேதி வி.ஜே.சித்ராவின் மரணச் செய்தி வந்த காலையில், நேரில் ஒருமுறைகூடப் பார்த்திராதவர்கள் சொந்த வீட்டுப் பெண் போனதுபோல அழுதார்கள். அவருக்குப் பிறகு காவ்யா அறிவுமணியும், பின்னர் லாவண்யாவும் முல்லையாக வந்தார்கள். இருவருமே நன்றாகத்தான் நடித்தார்கள். ஆனாலும் பழைய க்ளிப்புகளின் கீழே இன்றும் கமென்ட் போடுகிறார்கள்.

அதற்கு அடுத்த மாதம்தான் இந்தியில் ராவி அறிமுகமானார். ஷிவா, ராவி சண்டையைப் பார்த்துச் சிரித்த வடக்கத்தி ரசிகர்கள் இருவர் பெயரையும் சேர்த்து 'ஷிவ்வி' என்று கொண்டாடினார்கள். அந்தச் சிரிப்பு தமிழ்நாட்டில் முதலில் யார் முகத்தில் இருந்தது என்பது அவர்களில் பலருக்குத் தெரிந்திருக்காது.

இரண்டாம் பாகம்

தமிழ்ப் 'பாண்டியன் ஸ்டோர்ஸ்' 2023 அக்டோபர் 28-ல் முடிந்தது. இரண்டே நாளில் இரண்டாம் பாகம் வந்துவிட்டது. இந்த முறை அண்ணன் தம்பிகளின் கதை இல்லை. மூர்த்தியாக நடித்த ஸ்டாலின் முத்துவே பாண்டியன் என்கிற கண்டிப்பான அப்பாவாக வந்தார், நிரோஷா அம்மாவானார். மூன்று மகன்கள். கடை மட்டும் அப்படியே இருக்கிறது. முதல் பாகத்து மீனாவாக நடித்த ஹேமா, இதிலும் மீனாதான். ஆனால், இந்த மீனா அரசு வேலை பார்ப்பவர். காலையில் சமையலை முடித்துக்கொண்டு டிபன் பாக்ஸோடு கிளம்பிவிடுகிறார்.

வடக்கே, அரசியலில் ஒரு சுற்று போய்வந்த ஸ்மிருதி இரானி 2025 ஜூலை 29-ல் மறுபடி துளசி ஆனார். அமேதியில் 2019-ல் ஜெயித்து 2024-ல் தோற்று, வீரானி வீட்டுக்கே திரும்பிவிட்டார். அதே சேனல், அதே இரவு 10.30 மணி. இந்த முறை செல்போன் ஆப்பிலும் வருகிறது. முதல் எபிசோடு பார்த்த மருமகள்களில் பலருக்கு இப்போது மருமகளே வந்திருப்பார்.